868-க்குப் பின்: சதஹரு ஓ மேலாளரான வரலாறு

பேஸ்பால் அணியின் மேலாளரையும் திரைப்பட இயக்குநரையும் ஜப்பானியர் ஒரே சொல்லால் அழைக்கிறார்கள்: கந்தோகு. கிரிக்கெட் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இந்தப் பதவியின் கனம் எளிதில் பிடிபடுவதில்லை. கிரிக்கெட்டில் யார் பந்து வீசுவது, யாரை எங்கே நிறுத்துவது என்பதைக் களத்தில் நிற்கும் கேப்டன் முடிவு செய்கிறார். பேஸ்பாலிலோ அந்த அதிகாரம் முழுவதும், ஆட்டத்தில் ஒரு பந்தைக்கூடத் தொடாமல் ஓரத்துத் தாழ்வாரத்தில் நின்றபடி பார்த்துக்கொண்டிருக்கும் மேலாளரிடம் இருக்கிறது. ஒருமுறை வெளியே எடுக்கப்பட்ட ஆட்டக்காரர் அந்த ஆட்டத்துக்குள் மீண்டும் வர முடியாது என்பது விதி. ஆகவே சோர்ந்துபோன பந்துவீச்சாளரை எந்த நிமிடத்தில் மாற்றுவது என்ற முடிவை அவர் திரும்பப் பெற முடியாது; அப்படிப்பட்ட முடிவுகளை ஒரு பருவத்தில் 130, 140 ஆட்டங்களுக்கு, ஏறத்தாழ நாள்தோறும் எடுத்தாக வேண்டும்.

சிறந்த ஆட்டக்காரர் இந்த வேலைக்கும் தகுந்தவராகத்தான் இருப்பார் என்ற நம்பிக்கை ஜப்பானில் நெடுங்காலமாக வலுவாக இருந்து வந்திருக்கிறது. அந்த நம்பிக்கையைச் சோதித்துப் பார்க்க சதஹரு ஓவை விடப் பொருத்தமான ஒருவர் இல்லை. 22 பருவங்கள் ஆடி 868 ஹோம் ரன்கள் அடித்தவர் அவர். (ஹோம் ரன் என்பது பெரும்பாலும் பந்தை வேலிக்கு அப்பால் பறக்கவிடும் அடி, கிரிக்கெட்டின் சிக்சருக்கு ஒப்பானது.) உலகின் எந்தத் தொழில்முறைப் பெருந்தொடரிலும் அந்த எண்ணிக்கையை வேறெவரும் எட்டவில்லை. அதன்பின் இரண்டு அணிகளில் 19 பருவங்கள் மேலாளராக இருந்தார். முதல் அணியில் அவர் பெற்றது ஏமாற்றம். இரண்டாவது அணியில் முதலில் கிடைத்தது அவமானம், வெற்றி பிறகுதான். இந்த வரிசைக்கான காரணம் அவருடைய ஆட்டத் திறமையில் இல்லை என்பதும், அந்தத் திறமை அவருக்குப் பல நேரம் சுமையாகவே இருந்தது என்பதும்தான் இக்கட்டுரையின் வாதம்.

ஓ என்பது அவருடைய குடும்பப் பெயர். சீன எழுத்தில் எழுதினால் ‘அரசன்’ என்று பொருள்படும். சீன மொழியில் அதே எழுத்தை ‘வாங்’ என்று படிப்பார்கள். 1940-இல் டோக்கியோவில், சீனத் தந்தைக்கும் ஜப்பானியத் தாய்க்கும் பிறந்தார். தந்தை சிறிய சீன உணவகம் ஒன்றை நடத்தினார். மூத்த மகன் மருத்துவராகவும் இளையவர் மின்பொறியாளராகவும் ஆக வேண்டும் என்பது அவர் கண்ட கனவு. அன்றைய சட்டப்படி பிள்ளைகளுக்குத் தந்தையின் குடியுரிமையே கிடைத்தது. ஜப்பானை விட்டு வேறெங்கும் வாழ்ந்திராத ஓ, சட்டத்தின் கண்ணில் அயல்நாட்டவர். 1957-இல் வசேதா தொழிற்கல்வி உயர்நிலைப் பள்ளிக்காகப் பந்துவீச்சாளராக இறங்கி, விரலில் கொப்புளம் உடைந்து பந்தெல்லாம் இரத்தமாக, நாடு தழுவிய பள்ளிகளுக்கான கோஷியன் வசந்தகாலக் கோப்பையை வென்று தந்தார். அதே ஆண்டின் தேசிய விளையாட்டு விழாவில், ஜப்பானியக் குடியுரிமை இல்லை என்ற ஒரே காரணத்தால், அவரால் கலந்துகொள்ள முடியவில்லை. இந்தச் செய்தி பின்னால் நமக்குத் தேவைப்படும்.

1959-இல் டோக்கியோவின் தொழில்முறை அணியான யோமியுரி ஜயன்ட்ஸில் சேர்ந்தபோது, அணி அவரைப் பந்துவீச்சிலிருந்து விலக்கி முதல் பேஸ் காவலுக்கும் மட்டையாட்டத்துக்கும் மாற்றியது. (ஓட்டம் எடுக்க மட்டையாளர் வரிசையாகத் தொட்டு வர வேண்டிய நான்கு நிலைகளே பேஸ்கள்.) முதல் 26 வாய்ப்புகளில் ஒரு ஹிட் கூட, அதாவது பந்தை அடித்துப் பத்திரமாக பேஸை அடைந்த ஒரு தடவை கூட, இல்லை; 27-ஆவதில் கிடைத்த முதல் ஹிட் ஒரு ஹோம் ரன். அந்தப் பருவத்தில் அவருடைய சராசரி 0.161. பத்து வாய்ப்புகளில் மூன்றில் வென்றாலே தேர்ந்த மட்டையாளர் என்று கொள்ளும் ஆட்டத்தில், பத்தில் இரண்டைக்கூட அவர் எட்டவில்லை என்று பொருள். மூன்று ஸ்டிரைக்குகள் விழுந்து மட்டையாளர் வெளியேறுவதே ஸ்டிரைக் அவுட்; ஜப்பானியர் அதை ‘சன்ஷின்’ என்பார்கள். “ஓ, ஓ, சன்ஷின் ஓ” என்று பார்வையாளர்கள் பாடிக் கேலி செய்தார்கள். அவர் பெயருக்கு அரசன் என்ற பொருள் இருப்பதால், ஸ்டிரைக் அவுட்டுக்கே அரசன் என்று அது இரட்டை அர்த்தத்தில் ஒலித்தது.

அவரை மாற்றியவர் ஹிரோஷி அரகாவா. இவர்களுடைய உறவு ஜயன்ட்ஸில் தொடங்கியதல்ல. 1954-இல், மைனிச்சி ஓரியன்ஸ் அணியின் ஆட்டக்காரராக இருந்த அரகாவா, டோக்கியோவின் சுமிதா பகுதிப் பூங்கா ஒன்றில் சிறுவர்கள் ஆடுவதைத் தற்செயலாகப் பார்த்து நின்றார். இடது கையால் பந்து வீசும் ஒரு பையன் வலது கை மட்டையாளராக நிற்பதைக் கண்டு, இடது பக்கம் நின்று அடித்துப் பார் என்று சொன்னார். அந்தப் பையன் ஓ. எட்டு ஆண்டுகள் கழித்து, 1962-இல், அரகாவா ஜயன்ட்ஸின் மட்டையாட்டப் பயிற்சியாளராக வந்து சேர்ந்தார்.

ஓவின் குறை, பந்து வருவதற்கு முன்பே உடல் முன்னால் சரிந்துவிடுவது. அதற்கு அரகாவா கண்ட மருந்து வினோதமானது: வலது காலைத் தூக்கிக்கொண்டு ஒற்றைக் காலில் நிற்க வைத்தார். ஒற்றைக் காலில் நிற்பவன் அவசரப்பட்டுச் சாய்ந்தால் விழுந்துவிடுவான். ஆகவே காத்திருக்கக் கற்றுக்கொண்டே தீர வேண்டும். 1962 ஜூலை 1 அன்று கவாசாகி மைதானத்தில் முதன்முறையாக அப்படி நின்று அடித்தார். அந்த ஆண்டு முடிவில் 38 ஹோம் ரன்களுடன் தொடரிலேயே முதலிடம். ‘கொக்கு நிற்பு’ என்று நாம் சொல்லக்கூடிய அந்த நிலையைக் கைவசப்படுத்த, அரகாவாவின் வீட்டில் இரவுகள்தோறும் பயிற்சி நடந்தது. ஐகிதோ என்ற தற்காப்புக் கலையின் கோட்பாடுகளைப் பயின்றார். கூரையிலிருந்து தொங்கவிட்ட காகிதத்தை உண்மையான சாமுராய் வாளால் வெட்டிப் பழகினார். கேட்பதற்குப் புராணம்போல இருந்தாலும், இதில் கவனிக்க வேண்டியது வேறொன்று. ஓவின் மேதைமை பிறவியில் வந்ததல்ல. ஒரு பயிற்சியாளர் ஒரு குறிப்பிட்ட குறையைக் கண்டுபிடித்துக் கொடுத்த ஒரு குறிப்பிட்ட தீர்விலிருந்து வந்தது. ஆனால் அந்தத் தீர்வை வாங்கிக்கொண்டு இரவு பகலாக உழைக்க ஓ போன்ற ஒரு மாணவர் தேவைப்பட்டார். எல்லா ஆட்டக்காரரும் அத்தகைய மாணவர்கள் அல்லர் என்பதை மேலாளர் ஓ உணர நெடுங்காலம் ஆயிற்று.

அடுத்து வந்த எண்கள் பரவலாகத் தெரிந்தவை. 1962 முதல் 1974 வரை தொடர்ந்து 13 ஆண்டுகள் ஹோம் ரன் பட்டியலில் முதலிடம். 1964-இல் 140 ஆட்டங்களில் 55 ஹோம் ரன்கள். அந்த ஆண்டு ஹிரோஷிமா அணி, அவர் எப்போதும் வலப்பக்கமே அடிக்கிறார் என்று கணக்கிட்டு, தடுப்பாளர்களில் பெரும்பாலோரை மைதானத்தின் வலது பாதியில் குவித்தது. இன்று எங்கும் பேசப்படும் தடுப்பு மாற்றங்களுக்கு அது முன்னோடி. 1965 முதல் 1973 வரை ஒன்பது ஆண்டுகள் தொடர்ச்சியாக, நாட்டின் இரு தொழில்முறைத் தொடர்களின் வெற்றியாளர்கள் மோதும் ஜப்பான் கோப்பையை ஜயன்ட்ஸ் வென்றது. அந்த அணியின் இரு தூண்கள் ஓவும் ஷிகேவோ நகஷிமாவும். 1977 செப்டம்பர் 3 அன்று 756-ஆவது ஹோம் ரன்னை அடித்து அமெரிக்கரான ஹாங்க் ஆரனின் 755-ஐத் தாண்டினார். ஜப்பானிய மைதானங்கள் சிறியவை, அங்கே அப்போது அனுமதிக்கப்பட்டிருந்த அழுத்தப்பட்ட மர மட்டையை ஓ பயன்படுத்தினார் என்று அமெரிக்காவில் எழுந்த ஆட்சேபங்களில் நியாயம் இருக்கிறது. இருந்தாலும் அதே மைதானங்களில், அதே மட்டைகளுடன் ஆடிய மற்றவர்கள் யாரும் அவருக்கு அருகில்கூட வரவில்லை.

1980-இல், 40 வயதில், 30 ஹோம் ரன்கள் அடித்த பருவத்தோடு ஓய்வு பெற்றார். மூன்றாண்டு துணை மேலாளர். 1984 முதல் மேலாளர்.

ஜயன்ட்ஸ் வெறும் ஓர் அணி அல்ல. யோமியுரி நாளிதழும் அதன் தொலைக்காட்சியும் சேர்ந்து நாடு முழுவதும் கொண்டுசேர்த்த, வெல்வதையே கடமையாகக் கொண்ட நிறுவனம் அது. முதல் இரண்டு ஆண்டுகளும் ஓவின் அணி மூன்றாம் இடம். 1986-இல் நடந்தது கொடுமையான கணக்கு விளையாட்டு: ஜயன்ட்ஸ் 75 வெற்றி, ஹிரோஷிமா 73 வெற்றி, ஆனால் தோல்விகளையும் சமநிலைகளையும் கணக்கில் கொண்ட வெற்றி விகிதத்தில் ஹிரோஷிமா மயிரிழையில் முந்திப் பட்டத்தை எடுத்துக்கொண்டது. அவருடைய ஆட்ட நடத்தை பற்றி அக்காலத்தில் நிலைத்த ஒரு கேலி உண்டு. நெருக்கடி வரும்போதெல்லாம் யோஷிதகா கதோரி என்ற மாற்றுப் பந்துவீச்சாளரையே அவர் அழைப்பார். “பிட்சர், கதோரி” என்ற அறிவிப்பு மைதானத்தில் ஒலித்து ஒலித்து மக்கள் வாயில் சொலவடையாகவே ஆகிவிட்டது. நம்பும் ஒருவரைத் தேய்ந்துபோகும் வரை பயன்படுத்துவது, மற்றவர்கள் மீது நம்பிக்கை வளர இடமே தராமல் இருப்பது: தன் உழைப்பை மட்டுமே நம்பி உயர்ந்த ஒருவரிடம் எதிர்பார்க்கக்கூடிய பிழைதான் இது.

1987-இல் ஒருவழியாகத் தொடர்ப் பட்டம் கிடைத்தது. ஜப்பான் கோப்பைக்கான இறுதியில் செய்பு லயன்ஸ் எதிரணி. அந்த இறுதியின் ஆறாவது ஆட்டத்தில், முதல் பேஸில் செய்புவின் ட்சுஜி நிற்க, கொஜி அகியாமா நடுமைதானத்துக்குச் சாதாரண ஒரு ஹிட்டை அடித்தார். வழக்கமாக இத்தகைய ஹிட்டில் முதல் பேஸ் ஓட்டக்காரர் இரண்டாவதுக்கோ மூன்றாவதுக்கோ போவார். ஜயன்ட்ஸின் நடுமைதானத் தடுப்பாளர் வாரன் குரோமார்ட்டி பந்தை எடுத்து மெத்தனமாகத் திருப்பி எறிவதை முன்பே கவனித்து வைத்திருந்த செய்புவின் மூன்றாம் பேஸ் பயிற்சியாளர் கையைச் சுழற்றினார். ட்சுஜி நிற்காமல் ஓடி ஓட்டத்தை எடுத்தார். நான்குக்கு இரண்டு என்று செய்பு கோப்பையை வென்றது. இறுதியின் சிறந்த ஆட்டக்காரர் செய்புவின் பந்துவீச்சாளர் கிமியாசு குடோ. இங்கே தோற்றது ஜயன்ட்ஸின் திறமை அல்ல, தயாரிப்பு. எதிராளியின் சின்னப் பழக்கத்தைக்கூடக் குறித்துவைக்கும் அமைப்பு செய்புவிடம் இருந்தது. அந்த அமைப்பை உருவாக்கிய மூளை ரிகுவோ நெமோட்டோ என்ற நிர்வாகி. அகியாமா, குடோ, நெமோட்டோ ஆகிய மூன்று பெயர்களும் திரும்ப வரும்.

1988-இல் இரண்டாம் இடத்தோடு ஓ பதவி விலக நேர்ந்தது. ஐந்து ஆண்டுகளில் ஒரு தொடர்ப் பட்டம் என்பது வேறெந்த அணியிலும் மதிக்கத்தக்க கணக்கு. ஜயன்ட்ஸில் அது போதவில்லை.

அந்தக் காலத்தின் வேறொரு நிகழ்ச்சி தோல்விகளைவிட நீண்ட நாள் அவரைத் தொடர்ந்தது. 1985-இல் ஹன்ஷின் டைகர்ஸ் அணியின் அமெரிக்கர் ராண்டி பாஸ் 54 ஹோம் ரன்கள் எடுத்திருந்தார். ஒரே பருவத்துக்கான ஓவின் 55 என்ற சாதனையைச் சமன் செய்ய இன்னும் ஒன்று. மீதமிருந்தவை ஓவின் ஜயன்ட்ஸுக்கு எதிரான ஆட்டங்கள். அடிக்க எட்டாத இடத்தில் நான்கு பந்து வீசினால் மட்டையாளர் இலவசமாக முதல் பேஸுக்குப் போகலாம் என்பது விதி. இதை ‘வாக்’ என்பார்கள். கடைசி ஆட்டத்தில் பாஸுக்கு நான்கு முறை வாக் கொடுக்கப்பட்டது. ஒருமுறை எட்டாத பந்தை எட்டிப் பிடித்து அடித்து ஒற்றை ஹிட் எடுத்தார், அவ்வளவுதான். அடிக்கக்கூடிய பந்து ஒவ்வொன்றுக்கும் 1,000 டாலர் அபராதம் என்று ஜயன்ட்ஸின் பயிற்சியாளர் ஒருவர் எச்சரித்ததாக, அப்போது அந்த அணியில் இருந்த அமெரிக்கப் பந்துவீச்சாளர் கீத் காம்ஸ்டாக் பின்னாளில் கூறினார். தான் அப்படி உத்தரவிடவில்லை என்றார் ஓ. உத்தரவிட்டிருக்க மாட்டார் என்றே வைத்துக்கொள்வோம். ஆனால் வீசுங்கள் என்று சொல்லும் அதிகாரமும் அவரிடம்தான் இருந்தது; தாழ்வாரத்தில் நின்றவர் அதைப் பயன்படுத்தியதாகத் தெரியவில்லை.

ஆறாண்டு இடைவெளிக்குப் பின் 1995-இல் அவரை மீண்டும் மேலாளராக்கியவர் நெமோட்டோ. செய்புவை விட்டு ஃபுகுவோகா டாய்யே ஹாக்ஸ் அணிக்கு வந்திருந்த அவர், டோக்கியோவையும் ஜயன்ட்ஸையும் தவிர வேறொன்றும் அறியாத ஓவைக் கியூஷு தீவுக்கு வரச் சம்மதிக்க வைத்தார். ஹாக்ஸ் 1978 முதல் ஒருமுறைகூடத் தொடரின் மேல் பாதியில் முடிக்காத அணி. ஓ வந்த ஆண்டு ஐந்தாம் இடம். மறு ஆண்டு ஆறு அணிகளில் கடைசி. 1996 மே 9 அன்று ஒசாகாவில் கின்டெட்சு அணியிடம் தோற்றுத் திரும்பும்போது, சொந்த அணியின் ஆதரவாளர்களே ஹாக்ஸ் பேருந்தின் மீது முட்டைகளை வீசினார்கள். 868 ஹோம் ரன்கள் அடித்தவர் கண்ணாடியில் வழியும் மஞ்சள் கருவைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார். அன்று கோபப்படாமல், முட்டை எறிபவர்கள்தாம் நம்மைப் பற்றி உண்மையிலேயே கவலைப்படுகிறவர்கள், வென்றால் இவர்களே கைதட்டுவார்கள் என்ற பொருள்பட அவர் பேசினார் என்று ஆட்டக்காரர்கள் பிற்காலத்தில் நினைவுகூர்ந்தார்கள்.

என் பார்வையில் ஓ மேலாளரானது 1984-இல் அல்ல, இந்த ஆண்டுகளில்தான். ஜயன்ட்ஸில் அவர் பெயரே அதிகாரம். ஃபுகுவோகாவில் அந்தப் பெயர் ஒரு வெற்றியையும் வாங்கித் தரவில்லை. பிறகு அணி உருவாகிய விதத்தைப் பார்த்தால், அதில் இரு கைகள் தெரிகின்றன. வெல்வது எப்படி என்று அறிந்த மூத்தவர்களை நெமோட்டோ கொண்டுவந்தார்: 1987-இல் ஓவைத் தோற்கடித்த அகியாமாவும் குடோவும் இப்போது ஹாக்ஸில். இளையவர்களை ஓ பொறுத்துக் காத்தார்: ஹிரோகி கொகுபோ, விக்கெட் கீப்பரின் இடத்துக்கு ஒப்பான கேட்சர் பணியில் கெஞ்ஜி ஜோஜிமா, ததாஹிதோ இகுச்சி, நொபுஹிகோ மட்சுனகா. பேஸ்பாலில் கேட்சர் ஒவ்வொரு பந்துக்கும் சைகை காட்டுபவர். அனுபவமில்லாத கேட்சரால் ஆட்டங்களே போகும். அந்த விலையைக் கொடுத்து ஜோஜிமாவைத் தொடர்ந்து ஆடவிட்டது, கதோரியையே அழைத்துக்கொண்டிருந்த பழைய ஓவிடம் எதிர்பார்த்திருக்க முடியாத பொறுமை.

1999-இல் ஹாக்ஸ் தொடர்ப் பட்டத்தையும், சுனிச்சி அணியை நான்குக்கு ஒன்று என வென்று ஜப்பான் கோப்பையையும் எடுத்தது. தொடரின் சிறந்த ஆட்டக்காரர் விருது குடோவுக்கு. கோப்பை இறுதியின் விருது அகியாமாவுக்கு. நெமோட்டோ அதைப் பார்க்கவில்லை. அந்த ஏப்ரலில் காலமாகியிருந்தார். மறு ஆண்டு இறுதியில் எதிரே நின்றது ஜயன்ட்ஸ், அதன் மேலாளர் நகஷிமா. பழைய இரட்டையர் எதிரெதிராக நின்றதைக் காண நாடே திரண்டது. (அணி இறுதிக்கு வரும் என்று மூன்றாண்டுக்கு முன் யார் நம்பியிருப்பார்கள்! ஃபுகுவோகா மைதானத்தை நரம்பு அறுவை மருத்துவர்கள் மாநாட்டுக்கு ஏற்கெனவே வாடகைக்கு விட்டிருந்ததால், ஆட்ட நாட்களை மாற்றியமைக்க வேண்டியதாயிற்று.) முதல் இரண்டு ஆட்டங்களை வென்ற ஓ அடுத்த நான்கையும் தோற்றார். 2003-இல் மீண்டும் கோப்பை: அந்த ஆண்டு அணியின் மொத்தச் சராசரி 0.297, நால்வர் தங்கள் அடிகளால் தலா நூறு ஓட்டங்களுக்கு மேல் அணிக்குக் கிடைக்கச் செய்தார்கள். ஹன்ஷினுக்கு எதிரான ஏழு ஆட்ட இறுதியில், ஏழையும் அந்தந்த நாள் சொந்த மைதானத்தில் ஆடிய அணியே வென்றது.

55 என்ற எண் இதற்கிடையில் மறுபடியும் வந்தது. 2001-இல் கின்டெட்சுவின் டஃபி ரோட்ஸ் 55-ஐச் சமன் செய்தார். அடுத்து ஹாக்ஸுக்கு எதிரான ஆட்டத்தில் அவருக்கு அடிக்கத்தக்க பந்து கிடைக்கவில்லை. ஓவின் சாதனையை அயல்நாட்டவர் உடைப்பதைத் தான் காண விரும்பவில்லை என்று ஹாக்ஸின் பயிற்சியாளர்களில் ஒருவர் வெளிப்படையாகவே சொன்னார். ஜப்பானியத் தொழில்முறை பேஸ்பாலின் ஆணையரே அதைக் கண்டித்தார். 2002-இல் செய்புவின் அலெக்ஸ் கப்ரேரா 55-இல் நின்றபோது, நேராக வீசுங்கள் என்று ஓ தம் பந்துவீச்சாளர்களிடம் சொன்னார், பெரும்பாலோர் கேட்கவில்லை. இதில் அடங்கியுள்ள முரண் எளிதில் தீராதது: 1957-இல் ஜப்பானியர் அல்ல என்று விலக்கப்பட்டவரின் சாதனையை, ஜப்பானியச் சொத்தாகக் கருதி மற்ற அயல்நாட்டவரிடமிருந்து காத்தார்கள். ஓ ஜப்பானியக் குடியுரிமைக்கு மாறிக்கொள்ளவில்லை. 1985-க்கும் 2002-க்கும் இடையில் அவர் மாறியிருந்தார் என்பது தெரிகிறது. அவர் பெயரைச் சுற்றி எழுப்பப்பட்ட சுவர் மாறவில்லை. அந்தச் சுவர் 2013-இல்தான் இடிந்தது, யகுல்ட் அணியின் விளாடிமிர் பாலன்டீன் 60 ஹோம் ரன்கள் அடித்தபோது.

2004-இலும் 2005-இலும் ஹாக்ஸ் பருவ முடிவில் முதலிடத்தில் நின்றும், புதிதாகக் கொண்டுவரப்பட்ட தகுதிச் சுற்றில் செய்புவிடமும் லோட்டேயிடமும் தோற்றுப் பட்டத்தை இழந்தது. டாய்யே நிறுவனம் கடனில் மூழ்க, அணி சாஃப்ட்பேங்க் கைக்கு மாறியது. 2006 மார்ச்சில் முதல் உலக பேஸ்பால் கிளாசிக் போட்டிக்கு ஓ ஜப்பானின் மேலாளர். கொரியாவிடம் இரண்டு முறை தோற்று, மெக்சிகோ அமெரிக்காவை வீழ்த்தியதால் மட்டும் அரையிறுதிக்குள் நுழைந்த அணி, கொரியாவை 6–0 என்றும், சான் டியாகோவில் கியூபாவை 10–6 என்றும் வென்று முதல் கிளாசிக் கோப்பையைத் தூக்கியது. அதே ஜூலையில் புற்றுநோய்க்காக அவருடைய இரைப்பை முழுவதும் அகற்றப்பட்டது. 2007-இல் உடல் மெலிந்து தாழ்வாரத்துக்குத் திரும்பினார். 2008-இல் அணி கடைசி இடத்தில் முடிந்தது. 68 வயதில் பதவியை விட்டு, பின்னர் அணியின் தலைவரானார்.

அவர் விட்ட இடத்துக்கு வந்தவர் அகியாமா, 1987-இன் அந்த ஹிட்டை அடித்தவர். 2011-இலும் 2014-இலும் ஜப்பான் கோப்பை. அவருக்குப் பின் 2015 முதல் 2021 வரை குடோ: ஏழு பருவங்களில் ஐந்து கோப்பைகள். முட்டை வீசப்பட்ட 1996-இல் தம் மூன்றாவது பருவத்தை ஆடிக்கொண்டிருந்த கொகுபோ, 2024-இல் அதே அணியின் கந்தோகு ஆனார்.